மனமறியும் மண்டபம்

எங்கள் பள்ளி வாயிலை அடுத்துள்ள மாதா கெபிக்கு வாரம் ஒரு வகுப்பினர் பூ வைக்க வேண்டும் என்பதை யாவரும் அறிவர். ஜூலை மாதத்தில் எங்கள் முறை வந்தது. அன்று பார்த்துக் கணக்குத் தேர்வு. ஒருத்தி பேருந்து நிலையத்தருகே வாங்கி வந்த அரை முழம் கனகாம்பரத்தையும், மற்றொருத்தி வழியில் பறித்து வந்த நந்தியாவட்டையையும் படியில் ஒன்றாகப் போட்டுவிட்டு, இருபடிச் சமன்பாட்டைப் பற்றி வாதாடிக்கொண்டே ஓடினோம். பின்னால் வந்த தமிழாசிரியை எங்களை நிறுத்தினார். திட்டுவார் என்று எதிர்பார்த்தோம், திட்டவில்லை. "இது மயன் செய்த பீடமாக இருந்தால், இந்தப் பூக்கள் எங்கே போயிருக்கும், சொல்லுங்கள் பார்ப்போம்?" என்று மட்டும் கேட்டார். நாங்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டோம். "மணிமேகலையில் தேடுங்கள்" என்று கூறிவிட்டு அவர் வகுப்புக்குப் போய்விட்டார்.

அந்தத் தேடலில் விளைந்ததே இக்கட்டுரை. தன்னுள் வசிப்பவரின் மனத்தை அறிந்து, அதற்கேற்ப நடந்துகொள்ளும் உயிருள்ள கட்டடம் என்பது மேல்நாட்டு விஞ்ஞானக் கதாசிரியர்களின் புதுக் கற்பனை என்றுதான் நாங்கள் எண்ணியிருந்தோம். அவர்களுக்குப் பல நூற்றாண்டுகளுக்கு முன்பே நம் சீத்தலைச் சாத்தனார் அப்படியொன்றைக் கட்டி முடித்துவிட்டார் என்பது அதுவரை எங்களுக்குத் தெரியாது.

அன்புத் தோழியரே! ஒன்பதாம் வகுப்பில் விழாவறை காதையைப் படித்தபோது, புகார் நகரில் 28 நாள் நடந்த இந்திர விழாவைப் பற்றி அறிந்தோம் அல்லவா? கதை அதற்குப் பின்னர்தான் சூடு பிடிக்கிறது. விழாவில் ஆட மறுத்துத் துறவு பூண்ட மாதவியின் அருகில் அமர்ந்து மணிமேகலை பூத்தொடுத்துக் கொண்டிருக்கிறாள். தந்தை கோவலனும் கண்ணகியும் பட்ட துயரத்தைத் தாய் சொல்லக் கேட்டு அவள் அழுகிறாள். கண்ணீர் மாலையின்மேல் விழுந்து, மாலையின் தூய்மை கெட்டுவிடுகிறது. வேறு மலர் கொய்து வர வேண்டும். ஆனால், வெளியே சென்றால் அரசன் மகன் உதயகுமரன் கண்ணில் பட நேருமே! அப்போது தோழி சுதமதி, உவவனம் என்னும் சோலைக்குப் போகலாம் என்று கூறி, அங்குள்ள ஒரு விந்தையான மண்டபத்தை வருணிக்கிறாள்.

அது பளிங்கால் ஆன அறை. பளிக்கறை என்று பெயர். உள்ளே இருப்பவரின் உருவம் வெளியே தெரியும். குரல் மட்டும் வெளியே கேளாது. அதனுள் தாமரை வடிவில் ஒரு பீடம் இருக்கிறது. அதன்மேல் அரும்பை வைத்தால் மலர்ந்துவிடும். மலர்ந்தது ஆண்டுகள் பல கழிந்தாலும் வாடாது, வண்டும் மொய்க்காது. இவ்வளவும் எந்தக் கதையிலும் வரக்கூடிய அதிசயமே. அடுத்து வருவதுதான் எங்களை வியக்க வைத்தது. ஒரு தெய்வத்தை மனத்தில் நினைத்துக்கொண்டு அப்பீடத்தில் பூவை இட்டால், அந்தப் பூ அத்தெய்வத்தின் அடியைச் சென்று சேரும். எந்த நினைப்பும் இல்லாமல் இட்டால் இட்ட இடத்திலேயே கிடக்கும்!

தமிழாசிரியை கேட்ட கேள்விக்கு விடை எங்களுக்கு அப்போது விளங்கிவிட்டது. கனகாம்பரமும் நந்தியாவட்டையும் படியிலேயேதான் கிடந்திருக்கும். கணக்கில் கெட்டிக்காரியான ஒருத்தி, "இருபடிச் சமன்பாட்டிடம் போயிருக்கும்" என்றாள். எல்லாரும் சிரித்துவிட்டோம்.

இந்தப் பீடத்தை மயன் எதற்காகச் செய்தான் என்பதையும் சாத்தனார் சொல்லியிருக்கிறார். அக்காலத்தில் அறிஞரிடையே ஒரு வழக்கு இருந்தது. மனம் ஈடுபடாவிட்டாலும் செய்த செயலுக்குப் பயன் உண்டு என்றனர் ஒரு சாரார். மனம் இல்லாத செயல் எதையும் தராது என்றனர் மறு சாரார். பின்னவர் பக்கத்துக்குச் சான்றாகவே மயன் அதைச் செய்து வைத்தானாம். அதாவது, இது வெறும் அழகுக்காகக் கட்டிய மண்டபம் அன்று. நம் ஆய்வுக்கூடத்தில் நீலலிட்மஸ் தாளை அமிலத்தில் தோய்த்துக் காட்டுவது போன்ற ஒரு சோதனைக் கருவி. மனம் என்ற கண்ணுக்குத் தெரியாத பொருள் இருந்ததா, இல்லையா என்று பூவின் நகர்வு காட்டிவிடுகிறது.

மணிமேகலைக் காப்பியத்தில் இத்தகைய கட்டடங்கள் இன்னும் உள்ளன. மணிபல்லவத் தீவில் உள்ள புத்த பீடிகை, அதனை வணங்கும் மணிமேகலைக்கு அவளுடைய முற்பிறப்பை உணர்த்துகிறது. உதயகுமரன் வெட்டுண்டு மாண்டபின், தூணில் அமைந்த கந்திற்பாவை வாய் திறந்து, நடந்ததையும் நடக்கப்போவதையும் அவளுக்குச் சொல்கிறது. தூண் பேசுகிறது, பீடம் நினைவூட்டுகிறது, மண்டபம் ஒரு பெண்ணை ஒளித்து வைக்கிறது. 1898-ஆம் ஆண்டில் உ. வே. சாமிநாதையர் இந்நூலை அச்சிட்டு வெளியிட்டிராவிட்டால் இவையெல்லாம் எத்தனை பேருக்குத் தெரிந்திருக்கும்?

மயன் என்றதும் பாரதத்தில் பாண்டவர்க்கு அவன் கட்டித் தந்த மாளிகையும் நினைவுக்கு வரும். அங்கே துரியோதனன் தரையைத் தண்ணீர் என்றும், தண்ணீரைத் தரை என்றும் எண்ணி இடர்ப்பட்டான். அந்த மாளிகை எவர் மனத்தையும் அறியவில்லை, ஏமாற்றியது, அவ்வளவே. ஆகையால் அதனை இத்துடன் விட்டுவிடுவோம்.

இதனைக் கேள்வியுற்ற விடுதிச் சகோதரி ஒருவர், "பளிங்கு அறை என்றால் எங்களுக்கு வேறொன்று நினைவுக்கு வருமே!" என்றார். ஸ்பெயின் நாட்டுக் கார்மேல் சபைத் துறவியான அவிலாவின் புனித தெரேசம்மாள் 1577-ஆம் ஆண்டில் எழுதிய நூலில், மனித ஆன்மாவை வைரத்தாலோ தெளிந்த பளிங்காலோ ஆன ஒரு கோட்டையாகக் கண்டார். அதனுள் அறைகள் பல. ஏழு நிலைகளாகக் கடந்து உள்ளே போனால் நடுவில் இறைவன் இருக்கிறார். பெரும்பாலோர் தம் கோட்டைக்குள் நுழையாமல் வெளிச்சுவர் ஓரமாகவே சுற்றித் திரிகிறார்கள் என்று அவர் வருந்தினார். சாத்தனாரின் கட்டடம் மனத்தை அறிகிறது; தெரேசம்மாளின் கட்டடமோ மனமேதான். கடலுக்கு அப்பால் வாழ்ந்த அவரும் பளிங்கையே தேர்ந்தெடுத்தது எங்களுக்கு இனிய வியப்பாக இருந்தது.

இனி மேல்நாட்டுக் கதைகளுக்கு வருவோம். அமெரிக்க எழுத்தாளர் ரே பிராட்பரி 1950-இல் ஒரு கதை எழுதினார். அதில் ஒரு குடும்பம் எல்லா வேலைகளையும் தானே செய்யும் வீட்டில் வாழ்கிறது. சமைப்பது, தாலாட்டுவது, ஏன், காலணியின் கயிற்றைக் கட்டுவதுகூட வீட்டின் பொறுப்பே! அங்குள்ள பிள்ளைகளின் அறை, அவர்கள் மனத்தில் நினைப்பதைச் சுவரெங்கும் காட்சியாக்கும். அண்ணனும் தங்கையும் ஓயாமல் ஆப்பிரிக்கப் புல்வெளியையும் சிங்கங்களையுமே நினைக்கிறார்கள். பெற்றோர் கவலையுற்று வீட்டை நிறுத்திவிட முயலும்போது, பிள்ளைகள் அவர்களை அந்த அறைக்குள் விட்டுப் பூட்டிவிடுகிறார்கள். உள்ளே சிங்கங்கள் இப்போது காட்சியாக மட்டும் இல்லை. பிறகு என்ன நேர்ந்தது என்று வெளிப்படையாகச் சொல்லாமலே கதை முடிகிறது. ஆங்கில ஆசிரியை இதைச் சொல்லி முடித்தபோது வகுப்பில் ஊசி விழுந்தால் கேட்கும் அமைதி.

ஆங்கில நாட்டு எழுத்தாளர் ஜே. ஜி. பாலார்ட் 1962-இல் எழுதிய 'ஸ்டெல்லாவிஸ்டாவின் ஆயிரம் கனவுகள்' என்னும் கதை இன்னும் நுட்பமானது. அவர் படைத்த பாலைவன உல்லாச நகரில் வீடுகளுக்கு உணர்ச்சி உண்டு. வசிப்பவர் மகிழ்ந்தால் கூரை உயர்ந்து விரியும். சினந்தால் சுவர் சுருங்கி நடுங்கும். அதோடு, முன்பு வசித்தவரின் மனநிலையையும் வீடு மறப்பதில்லை. புதிதாக ஒரு தம்பதி, மலிவாகக் கிடைக்கிறதே என்று ஒரு வீட்டை வாங்குகிறார்கள். முன்பு அங்கே ஒரு திரைப்பட நடிகை வாழ்ந்தாள்; அவள் கணவன் அந்த வீட்டிலேயே சுட்டுக் கொல்லப்பட்டான். அந்தப் பழைய கசப்பு சுவர்களில் ஊறிக் கிடக்கிறது. நாளடைவில் அது புதியவர்களின் வாழ்வையும் பிடித்து ஆட்டி, அவர்களுடைய ஒற்றுமையைக் குலைக்கிறது.

இவ்விரு கதைகளையும் சாத்தனாரின் பீடத்தோடு ஒப்பிட்டு நாங்கள் வெகு நேரம் வாதாடினோம். எங்களுக்குத் தோன்றியது இதுதான். மேல்நாட்டு வீடுகள் மனம் விரும்பியதையெல்லாம் உடனே செய்துவிடுகின்றன. கோபத்தில் நாம் நினைப்பது எத்தனை! "தொலைந்து போ" என்று தம்பியை ஒரு நாளைக்கு நான்கு தடவையாவது சொல்கிறோம். அதைக் கேட்டு வீடு அவனை உண்மையாகவே தொலைத்துவிட்டால்? மயனின் பீடம் அப்படி எதையும் செய்யவில்லை. பூ வைத்தவர் கேட்ட வரத்தை அது கொடுப்பதாகச் சொல்லப்படவில்லை. நினைத்து வைத்தாயா என்பதை மட்டுமே பார்க்கிறது. பூவைக் கொண்டு சேர்க்கிறது. அத்துடன் நின்றுவிடுகிறது. இவ்வளவு அடக்கமான அதிசயத்தைக் கற்பனை செய்தவரை என்னென்று புகழ்வது!

இக்காலத்தில் இத்தகைய கட்டடங்களை உண்மையாகவே கட்டிப் பார்த்திருக்கிறார்கள். 2002-இல் ஸ்விட்சர்லாந்தில் நடந்த தேசியக் கண்காட்சியில் 'ஏடா' என்ற கூடத்தை அமைத்தார்கள். அதன் தரை அறுகோண ஓடுகளால் ஆனது. கால் பட்டதும் ஓடு அதனை உணரும். கேமராக்கள் கண்ணாகவும் ஒலிவாங்கிகள் காதாகவும் வேலை செய்யும். வருபவரைப் பின்தொடர்ந்து விளக்கு எரியும். கூட்டத்தின் போக்குக்கேற்ப இசையும் நிறமும் மாறும். 5 லட்சத்துக்கும் மேற்பட்டோர் அதற்குள் நடந்து விளையாடினர். 2019-இல் அமெரிக்காவில் ரெட்மண்ட் நகரிலுள்ள மைக்ரோசாப்ட் நிறுவனக் கட்டடத்தில், ஜென்னி சேபின் என்ற கட்டடக் கலைஞர், நூலிழைகளால் பின்னிய கூண்டு போன்ற ஒரு கூடத்தைத் தொங்கவிட்டார். அங்குள்ளவர்களின் முகபாவத்தைக் கேமராக்கள் படித்துக் கணிப்பொறிக்குச் சொல்ல, அதற்கேற்பக் கூடம் நிறம் மாறி ஒளிரும். அதற்கும் ஏடா என்றே பெயர். கணிப்பொறிக்கு முதன்முதலில் வழிமுறை எழுதியவர் என்று போற்றப்படும் ஏடா லவ்லேஸ் என்னும் பெண்மணியின் நினைவாக வைத்த பெயர் அது.

படிக்கும்போது உள்ளம் பூரிக்கிறது. ஆனால், ஒன்றைக் கவனிக்க வேண்டும். இக்கருவிகள் அறிவது காலடியை, குரலை, முகத்தை. 'அகத்தின் அழகு முகத்தில் தெரியும்' என்ற நம் பழமொழியை நம்பியே அவை வேலை செய்கின்றன. மனம் வேறு அல்லவா? மூளையில் எழும் மிகச் சிறிய மின்னோட்டத்தை அளக்கும் முறையை ஜெர்மனியின் ஹான்ஸ் பெர்கர் 1929-இல் வெளியிட்டார். இன்று மருத்துவமனைகளில் வலிப்பு நோயைக் கண்டறிய அது பெரிதும் உதவுகிறது. அதற்குத் தலையில் வரிசையாகக் கம்பிகளைப் பொருத்த வேண்டும். அப்போதும் உறக்கமா, விழிப்பா, மூளை அதிர்ச்சியுறுகிறதா என்பன தெரியுமே தவிர, பூ வைக்கும்போது யாரை நினைத்தாள் என்பது அந்தக் கோடுகளில் தெரியாது.

அந்தப் பழமொழியும் எப்போதும் மெய்யாவதில்லை. எங்கள் வகுப்பில் ஒருத்தி இருக்கிறாள். ஜவ்வாது மலையில், ஜமுனாமரத்தூருக்கு அப்பாலுள்ள ஊர். விடுதியில் தங்கிப் படிக்கிறாள். பெயரை இங்கே எழுத வேண்டாம் என்று கேட்டுக்கொண்டாள். விடுதியிலேயே சிரித்த முகம் அவளுடையதுதான். எவர் அழுதாலும் ஏதாவது சொல்லிச் சிரிக்க வைப்பாள். ரெட்மண்ட் நகரத்துக் கூடத்தில் அவளை நிறுத்தியிருந்தால், மகிழ்ச்சிக்குரிய நிறம் இரவு பகலாக ஒளிர்ந்திருக்கும். இந்தக் கட்டுரைக்காக நாங்கள் கூடிப் பேசிய ஒரு மாலையில், "ஆளோட மனசு தெரிஞ்சு நடக்கிற வீடு உண்மையில் எங்கேயும் இல்லை" என்று யாரோ முடிவாகச் சொன்னார்கள். அவள், "எங்க வூடு அப்படித்தான்டி" என்றாள். நாங்கள் வேடிக்கை என்று நினைத்துச் சிரித்தோம். அவள் சிரிக்கவில்லை.

பிறகு அவள் சொன்னதை அப்படியே எழுதுகிறோம். மலையில் அவர்கள் வீடு குச்சிகளை வரிந்து கட்டி, மண்ணை அப்பி எழுப்பியது. கூரை புல். தரையைச் சாணத்தால் மெழுகுவார்கள். அத்தகைய வீட்டில் தினமும் அடுப்பு எரிய வேண்டும். புகை மேலே போய்க் கூரைப் புல்லிலும் மூங்கிலிலும் படிந்தால்தான் பூச்சி அண்டாது. மழை ஈரமும் காயும். சுவரில் வெடிப்பு கண்டால் அன்றே மண் பூச வேண்டும். விட்டால் அதில் மழைநீர் இறங்கும். ஆள் நடமாட்டம் நின்றால் கறையான் புற்றுக் கட்டத் தொடங்கும். எலி வளை தோண்டும். "பூட்டிப் போட்டா வூடு செத்துடும்டி. ஆள் இருந்தா உசுரோட இருக்கும்" என்றாள்.

அவள் வீடு பூட்டிக் கிடக்கிறதாம். சாமை விளைச்சலில் கிடைப்பது போதாமல், தாயும் தந்தையும் கூலி வேலைக்கு வெளி மாநிலம் போய்விட்டார்கள். ஆயா இருந்தவரை அடுப்பு எரிந்தது. மார்ச் மாதத்தில் ஆயா இறந்துபோனார். ஆயா சாய்ந்து உட்காரும் இடத்தில் சுவர் வழுவழுப்பாகி, தலை படும் இடத்தில் எண்ணெய்க் கறை ஒன்று உண்டாம். மழைக்காலம் முடிந்து போய்ப் பார்க்கும்போது அந்தச் சுவர் நிற்குமா என்பதே அவள் கவலை. ஜூன் முதல் ஒவ்வொரு மழை இரவிலும் அவள் அதைத்தான் நினைத்துக்கொண்டு படுத்திருந்திருக்கிறாள். அடுத்த பாயில் படுத்த எங்களுக்குத் தெரியவில்லை. போளூரில் மழை பெய்தால் நாங்கள் மறுநாள் விளையாட்டு வகுப்பு இல்லாமற் போகுமே என்று மட்டும் வருந்தினோம்.

அவள் சொன்ன விவரங்கள் சரிதானா என்று அறிவியல் ஆசிரியையிடம் கேட்டோம். சரியே என்றார். தடித்த மண் சுவர் பகல் வெப்பத்தை மெல்ல வாங்கி, இரவில் மெல்ல விடும். காற்றிலுள்ள ஈரத்தையும் அவ்வாறே உறிஞ்சி வெளியிடும். சாணத்திலுள்ள நார் மண்ணைப் பற்றிக்கொள்வதால் மெழுகிய பரப்பில் வெடிப்பு குறையும். சிமெண்டு வீடு ஆளில்லாமலும் பல ஆண்டுகள் நிற்கும். மண் வீட்டால் அது இயலாது. அதற்கு வேண்டியது விலையுயர்ந்த பொருள் ஒன்றுமில்லை. தினமும் யாராவது வேண்டும்.

மனத்தை அறியும் வீடு கிடைத்தால் உங்களுக்கு வேண்டுமா என்று எங்களுக்குள் ஒரு வாக்கெடுப்பும் நடத்தினோம். 31 பேரில் வேண்டும் என்றவர்கள் 6 பேர்தான். விடுதி மாணவியரில் ஒருவர்கூடக் கை தூக்கவில்லை. ஒரே கூடத்தில் வரிசையாகப் படுப்பவர்களுக்குத்தான் மனத்தின் மறைவு எவ்வளவு தேவை என்பது தெரியும் போலும்! சாத்தனாரும் இதை அறிந்திருக்க வேண்டும். மனத்தை அறியும் பீடத்தை அவர், குரல் வெளியே கேளாத அறைக்குள் அல்லவா கொண்டுபோய் வைத்தார்? உதயகுமரன் சோலைக்கு வந்தான். பளிங்கினுள் அவள் உருவத்தைக் கண்டான். அவள் மனத்தில் என்ன இருந்தது என்பதை அந்த மண்டபம் அவனுக்குச் சொல்லிவிடவில்லை.

பூஜை விடுமுறைக்கு எங்கள் தோழியின் தாயார் வந்து அவளை மலைக்கு அழைத்துப் போனார். பத்து நாள் கழித்துத் திரும்பினாள். தெற்குச் சுவரில் பாதி விழுந்துவிட்டதாம். ஆயா சாய்ந்த சுவர் நிற்கிறதாம். தாயும் மகளுமாக மண் குழைத்து விழுந்த பகுதியை எழுப்பி, தரையை மெழுகி, பத்து நாளும் அடுப்பு மூட்டியிருக்கிறார்கள். அவள் நகக்கண்ணில் செம்மண் இன்னும் போகவில்லை. அந்த வாரம் கெபிக்குப் பூ வைக்கும் முறை மீண்டும் எங்களுடையது. மலையிலிருந்து கொண்டுவந்த பூவை, பெயர் எங்களுக்குத் தெரியாத ஒரு சிறு மஞ்சள் பூ, அவளே படியில் வைத்தாள். பயணத்தில் அது பாதி வாடியிருந்தது. யாரை நினைத்து வைத்தாய் என்று நாங்கள் கேட்கவில்லை. மணி அடித்ததும் அவளோடு சேர்ந்து வகுப்புக்கு நடந்தோம்.